தீவும் உயிர்களும்

நம் ஊர்க் கடைகளில் மோரீசு என்னும் ஒருவகை வாழைப்பழத்தைக் காண்கிறோம். அப்பெயர் எங்கிருந்து வந்தது என்று எண்ணிப் பார்த்தவர் சிலரே. இந்தியப் பெருங்கடலின் தென்மேற்கில் மொரீசியசு என்றொரு தீவு உளது. நம் முன்னோர் அதனை மோரீசு என வழங்கினர். அத்தீவின் பெயரே அவ்வாழைக்கும் ஆயிற்று. அவ்வாழையும் அத்தீவிற்கு உரியதன்று. சீன நாட்டிலிருந்து அங்குக் கொண்டுவந்து நடப்பட்டது. பின்னர் 1829 ஆம் ஆண்டையொட்டி அங்கிருந்து இங்கிலாந்திற்குச் சென்று, உலகெங்கும் பரவிற்று. ஒரு வாழைக்கன்றின் பயணமே இவ்வளவு நீண்டதாயின், ஒரு தீவில் வந்து தங்கிய உயிர்கள் அனைத்தின் பயணமும் எத்துணை வியப்பிற்குரியதாய் இருக்கும்! அவ்வரலாற்றையே இப்பாடத்திற் காண்போம்.

நிலமும் பொழுதும் முதற்பொருள் என்றும், அந்நிலத்து வாழும் விலங்கும், புள்ளும், மரமும், மக்களின் உணவும், தொழிலும் கருப்பொருள் என்றும் தொல்காப்பியர் வகுத்தார். நிலம் வேறுபட்டால் கருப்பொருளும் வேறுபடும் என்பது நாம் அறிந்த இலக்கணம். கருப்பொருள் வேறுபட்டால் நிலமும் வேறுபடும் என்பதையும் உடன் அறிதல் வேண்டும். பெருநிலத்தில் இம்மாறுதல் மெல்ல நிகழ்வதால் நம் கண்ணுக்கு எளிதிற் புலனாவதில்லை. நாற்புறமும் கடல் சூழ்ந்த சிறு தீவிலோ அது விரைந்து நிகழ்கின்றது. கைந்நெல்லி போல விளங்கித் தோன்றுகின்றது. ஆதலின் தீவுகள் இயற்கை நூல் பயில்வார்க்கு நல்லாசிரியர் ஆகின்றன.

மொரீசியசு, மடகாசுகர்த் தீவிற்குக் கிழக்கே 800 கிலோமீட்டருக்கு மேற்பட்ட தொலைவில் உள்ளது. அதன் பரப்பு ஏறத்தாழ 1,865 சதுர கிலோமீட்டர். ஏறத்தாழ எண்பது இலட்சம் ஆண்டுகளுக்கு முன்னர்க் கடலடியில் எழுந்த எரிமலைக் குழம்பு குவிந்து குவிந்து இத்தீவு உண்டாயிற்று. தோன்றிய நாளில் அங்குப் புல்லும் இல்லை, பூச்சியும் இல்லை. கரும்பாறையும் சாம்பலுமே கிடந்தன.

அப்பாறையின்மீது உயிர்கள் எவ்வாறு வந்தன? சில விதைகள் காற்றில் மிதந்து வந்தன. சில கடல்நீரில் மிதந்து கரையொதுங்கின. சில பறவைகளின் வயிற்றிலும் காலிலும் இறகிலும் ஒட்டி வந்தன. புயலில் அகப்பட்ட புறாக்களும் கிளிகளும் வழிதவறி வந்திறங்கின. வெள்ளத்தில் அடித்துச் செல்லப்பட்ட மரங்களைப் பற்றிக்கொண்டு பல்லியும் அரணையும் வந்திருக்கலாம். நில ஆமைகள் பல நாள் உணவின்றி மிதக்கவல்லன; அவையும் வந்து சேர்ந்தன. ஆனால், பாலூட்டும் விலங்குகளுள் சிறகுடைய வௌவாலைத் தவிர வேறெதுவும் அப்பெருங்கடலைக் கடக்க முடியவில்லை. புலியும் நரியும் பூனையும் எலியும் இல்லாத நாடாக அது விளங்கிற்று.

பகையில்லாத இடத்திற் பிறந்த உயிர் அச்சத்தை மறக்கின்றது. கடல் கடந்து வந்த புறாவினம் ஒன்று, பல்லாயிரந் தலைமுறைகளில் பறத்தலை விடுத்துத் தரையிலேயே வாழப் பழகிற்று. அதன் உடல் பருத்தது, சிறகு சிறுத்தது, அலகு வளைந்து வலுத்தது. ஏறத்தாழ மூன்றடி உயரமுள்ள அப்பறவையே டோடோ என்பது. இன்று உயிரோடுள்ள பறவைகளுள் அதற்கு மிக நெருங்கிய உறவு நம் நிக்கோபார்த் தீவுகளில் வாழும் புறாவே என்பதை அறிஞர் 2002 ஆம் ஆண்டில் மரபணு ஆய்வாற் கண்டனர்.

இவ்வுயிர்கள் தீவில் வெறுமனே குடியிருக்கவில்லை, தீவையே ஆக்கின. பேராமைகள் தாழ்ந்த தழைகளை மேய்ந்தன. பழங்களை விழுங்கி, நெடுந்தொலைவு ஊர்ந்து சென்று விதைகளை எச்சத்தோடு இட்டன. வௌவாலும் புறாவும் கிளியும் மரவுச்சியிலிருந்த பழங்களைத் தின்று விதை பரப்பின. பல்லிகள் பூவின் தேனுண்டு மகரந்தம் சுமந்தன. ஆமை மேய்ந்த இடத்தில் ஆமையின் வாய்க்குத் தப்பும் செடிகளே பெருகின. கன்றாக இருக்கும்போது ஓர் இலைவடிவும், ஆமைக்கு எட்டாத உயரம் வளர்ந்தபின் வேறோர் இலைவடிவும் கொள்ளும் மரங்கள் இன்றும் அங்கு உள்ளன. ஏறத்தாழ 690 வகைப் பூக்குஞ் செடிகொடிகள் அத்தீவில் இயற்கையாக வளர்ந்தன; அவற்றுள் 270க்கு மேற்பட்டவை உலகில் வேறெங்கும் இல்லாதவை. கருங்காலிக் காடு மலைமுதல் கடல்வரை பரந்திருந்தது. உழவன் இல்லாத தோட்டமாக இருந்த அத்தீவிற்கு, அதில் வாழ்ந்த உயிர்களே உழவராய் இருந்தன.

மக்கள் அத்தீவில் குடியேறியது மிக அண்மைக் காலத்தேயாம். கி.பி. 1598 ஆம் ஆண்டில் ஒல்லாந்தர் வந்திறங்கித் தம் நாட்டு இளவரசர் மோரிசின் பெயரை அதற்கு இட்டனர். 1638 இல் அங்குக் குடியேற்றம் அமைத்தனர். கடலோடிகளுக்கு வேண்டியவை மூன்று: நன்னீர், இறைச்சி, மரம். மூன்றும் அங்கு நிறைந்திருந்தன. ஆமைகளை உயிரோடு கப்பலில் ஏற்றிச் சென்றனர். கருங்காலியை வெட்டி ஐரோப்பாவிற்கு அனுப்பினர். 1639 இல் சாவகத் தீவிலிருந்து மானையும் கரும்பையும் கொண்டுவந்தனர். பன்றியும் ஆடும் கப்பலில் வந்திறங்கின. குரங்கும் வந்து சேர்ந்தது. எலியோ எவரும் அழையாமல் தானே வந்தது.

டோடோவை மக்கள் தின்றே தீர்த்தனர் என்று பலர் கூறுவர். அது முழு உண்மையன்று. மக்கள் தொகை அக்காலத்தில் மிகக் குறைவு, காடோ பெரிது. டோடோ தரையிலேயே முட்டையிட்டது. எலியும் பன்றியும் குரங்கும் அம்முட்டைகளைத் தேடித் தின்றன. தாய்ப்பறவைகள் கண்முன் நடமாடிக்கொண்டிருந்தன, குஞ்சுகளோ இல்லை. பயிர் நிற்கும்போதே வேரறுந்த வயல் போலாயிற்று அதன் நிலை. 1662 ஆம் ஆண்டில் கடலோடி ஒருவர் கரையை அடுத்த சிறு திட்டொன்றில் டோடோவைக் கண்டதாக எழுதினார். ஐயமின்றிக் கொள்ளத்தக்க இறுதிச் செய்தி அதுவே என்பர் பலர். மனிதன் கண்ட அறுபத்து நான்கே ஆண்டுகளில் ஓர் இனம் உலகை நீங்கிற்று. அதனை அக்காலத்து மக்கள் உணரவும் இல்லை.

ஒல்லாந்தர் 1710 இல் தீவை விட்டகன்றனர். 1715 இல் பிரெஞ்சுக்காரர் அதனைத் தமதாக்கிக்கொண்டனர். 1735 இல் ஆளுநராய் வந்த லபூர்தொனே என்பார் போர்ட் லூயித் துறைமுகத்தை அமைத்தார். அதற்குக் கொத்தரும் தச்சரும் பிறரும் புதுச்சேரியிலிருந்து வரவழைக்கப்பட்டனர். தமிழர் கைத்திறன் அத்தீவின் கல்லிற் பதிந்தது அக்காலத்தேயாம்.

அக்காலத்தில் வெட்டுக்கிளிக் கூட்டம் பயிரை அழித்தது. அதனை ஒழிக்க 1762 ஆம் ஆண்டில் இந்தியாவிலிருந்து மைனாக்களைக் கொண்டுபோய் விட்டனர். நாகணவாய்ப்புள் என்று நம் நூல்கள் கூறும் பறவை அதுவே. ஓருயிரைக் கொண்டு பயிர்ப்பகையாகிய மற்றோருயிரை அடக்கும் முறைக்கு இதனை முதல் எடுத்துக்காட்டுகளுள் ஒன்றாக அறிஞர் கூறுவர். வெட்டுக்கிளி அடங்கிற்று, மைனா அடங்கவில்லை. இன்று அது தீவெங்கும் பரவியுள்ளது. வந்த வேலை முடிந்ததும் திரும்பிச் செல்லுதல் உயிர்களின் இயல்பன்று.

அத்தீவில் நல்லறிவு பிறந்ததும் அக்காலத்தேயாம். 1767 முதல் 1772 வரை தீவின் ஆட்சிப் பொறுப்பில் இருந்த பியேர் புவாவர் என்பார், காடழிந்தால் மழை குன்றும், மண் அரிக்கும் என்று உணர்ந்தார். 1769 ஆம் ஆண்டில் அங்கு ஒரு சட்டம் பிறந்தது. ஒவ்வொருவர் நிலத்திலும் காற்பங்கு காடாகவே விடப்படல் வேண்டும், மலைச்சரிவில் மரம் வெட்டலாகாது என அது விதித்தது. வானின் மழையையும் மலையின் மரத்தையும் இணைத்து எண்ணிய சட்டங்களுள் மிகப் பழையவற்றுள் அதுவும் ஒன்று. எனினும் சட்டம் ஏட்டில் நின்றது. கோடரி காட்டில் நின்றது. தீவின் இருவகைப் பேராமைகளும் பதினெட்டாம் நூற்றாண்டிலேயே இல்லாதொழிந்தன.

1810 ஆம் ஆண்டில் ஆங்கிலேயர் தீவைக் கைப்பற்றினர். கரும்பே அதன் செல்வமாயிற்று. அடிமை முறை ஒழிந்ததும் கரும்புத் தோட்ட முதலாளிகள் இந்தியத் தொழிலாளரை ஒப்பந்தக் கூலிகளாக வரவழைத்தனர். 1834 முதல் ஏறத்தாழ ஐந்து இலட்சம் இந்தியர் போர்ட் லூயித் துறையில் இறங்கினர். சென்னை மாகாணத்திலிருந்து சென்ற தமிழரும் அவருள் பலர். அவர்கள் ஏறிய துறைப்படிகள் இன்று ஆப்பிரவாசி காட் என்னும் நினைவிடமாகப் போற்றப்படுகின்றன. 2006 இல் அது உலக மரபுச் சின்னமாயிற்று.

எரிமலை நிலம் கல் நிறைந்தது. தோட்டத்திற்காகக் காட்டை வெட்டி, கல்லைப் பெயர்த்துத் தலையிற் சுமந்து ஓரிடத்திற் குவித்தவர் அத்தொழிலாளரே. கரும்பு வயல்களின் நடுவே குன்று போல் நிற்கும் கற்குவியல்களை இன்றும் அங்குக் காணலாம். எழுத்தில்லாத கல்வெட்டுகள் அவை. மாணவர்களே! அக்காடு அழிந்ததற்கு யார் பொறுப்பு? கோடரி பிடித்த கை நம்மவர் கை. ஆனால் அக்கைக்கு உரிமை இல்லை. அவர் உழைத்தது வயிற்றுக்கு. ஊதியம் குவிந்தது வேறிடத்தில். ஆதலின் அவரைக் குறை கூறுதல் அறமாகாது. எனினும் நிகழ்ந்ததை மறைத்தலும் அறிவாகாது. துன்புற்ற மக்களின் வரலாறும் அழிந்த காட்டின் வரலாறும் அத்தீவில் ஒன்றே. அத்தொழிலாளரின் வழித்தோன்றல்கள் இன்று அந்நாட்டின் குடிமக்களாய்ச் சிறந்து வாழ்கின்றனர். அந்நாட்டுப் பணத்தாளில் தமிழெழுத்தும் இடம்பெற்றுள்ளது. தைப்பூசக் காவடி நாள் அங்கு அரசு விடுமுறை நாளாம்.

காடழிந்ததன் பயன் மக்களையும் வந்தடைந்தது. மலேரியாக் காய்ச்சலைப் பரப்பும் கொசு அத்தீவில் முன்னர் இல்லை. கப்பல்வழி வந்த அக்கொசு, திறந்த வெளிகளிலும் தேங்கிய நீரிலும் பெருகிற்று. 1866 இல் தொடங்கிய கொள்ளைநோய் பல்லாயிரவரைக் கொன்றது. தோட்டக் குடிசைகளில் நெருங்கி வாழ்ந்த ஏழைகளே மிகுதியும் மாண்டனர். பின்னர் 1948 ஆம் ஆண்டையொட்டி டி.டி.டி. என்னும் மருந்தைத் தெளித்துக் கொசுவை அடக்கினர். 1973 இல் தீவு மலேரியா நீங்கியதாக அறிவிக்கப்பெற்றது. மக்கள் பிழைத்தனர், அது பெருநன்மையே. ஆனால் அம்மருந்து பூச்சியிலும், பூச்சியைத் தின்ற பல்லியிலும், பல்லியைத் தின்ற சிறு வல்லூற்றிலும் சேர்ந்தது. மருந்துண்ட பறவையின் முட்டையோடு மெலிந்துடைந்தது. காடும் முன்னரே சுருங்கியிருந்தது; குரங்கும், பின்னாளில் இந்தியாவிலிருந்து கொண்டுவிடப்பட்ட கீரியும் கூடுகளைச் சூறையாடின. 1974 இல் அவ்வினத்தில் அறியப்பட்ட பறவைகள் நான்கே. உலகிலேயே மிக அரிய பறவை அதுவாயிற்று.

வெட்டிய காட்டினும் வெட்டாத காட்டின் நிலை இரங்கத்தக்கது. பிரேசில் நாட்டிலிருந்து வந்த ஒருவகைச் சிறு கொய்யா அங்குச் சீனக்கொய்யா எனப்படும். அதன் செந்நிறப் பழம் மிகச் சுவையுடையது. மக்களும் விரும்பிப் பறிப்பர். பன்றியும் குரங்கும் அப்பழத்தைத் தின்று, விதையைக் காடெங்கும் விதைக்கின்றன. கொய்யா நெருங்கி வளர்ந்து நிழலிட, கருங்காலிக் கன்று ஒளியின்றி மாய்கின்றது. வெளியே நின்று காண்பார்க்குக் காடு பசுமையாகவே தோன்றும். உள்ளே சென்று பார்ப்பார்க்கே அது வேறு காடு என்பது விளங்கும். பழங்காடு தன் இயல்பு கெடாமல் இன்று எஞ்சியிருப்பது தீவின் பரப்பில் நூற்றில் இரண்டு பங்கிற்கும் குறைவே.

இவ்விடத்து ஓர் எச்சரிக்கை கூறுதல் வேண்டும். தம்பலகோக்கு என்றொரு மரம் அத்தீவில் உள்ளது. அதன் கொட்டை மிகத் தடித்தது. டோடோவின் வயிற்றில் அரைபட்டாலன்றி அவ்விதை முளையாது. டோடோ அழிந்தபின் முந்நூறாண்டுகளாக ஒரு கன்றும் தோன்றவில்லை. பதின்மூன்று கிழமரங்களே எஞ்சின என்று அமெரிக்க அறிஞர் ஒருவர் 1977 இல் எழுதினார். வான்கோழிகளுக்கு அவ்விதையை ஊட்டி மூன்று விதைகள் முளைக்கவும் கண்டார். கேட்டார் உள்ளத்தை உருக்கும் கதை அது, உலகெங்கும் பரவிற்று. பின்வந்தோர் ஆராய்ந்தபோது, டோடோ இன்றியும் அவ்விதை முளைத்தல் புலனாயிற்று. அம்மரத்தில் ஆண்டு வளையம் தெளிவாக இன்மையின் அதன் வயதை அவ்வாறு கணிக்கவும் இயலாது. மரங்களும் பதின்மூன்றினும் மிகப் பலவாய் இருந்தன. கதை அழகியது என்பதால் உண்மையாகி விடாது. எவர் கூறினும் மெய்ப்பொருள் காண்பதே அறிவு. பழம் தின்று விதை பரப்பும் உயிர் அழிந்தால் மரத்திற்குக் கேடு என்பது மெய். ஓர் உயிரின்மீதே ஒரு மரம் முழுதும் நின்றது என்பதற்கோ சான்று வேண்டும்.

அச்சான்றை வேறோரிடத்தில் முறையாகத் தேடினர். தீவின் தென்கிழக்குக் கரையை அடுத்து வெண்கொக்குத் தீவு எனப் பொருள்படும் பெயருடைய பவளத்திட்டு ஒன்றுள்ளது. அதன் பரப்பு 26 எக்டேரே. அங்கிருந்த கருங்காலிகளை விறகிற்காக வெட்டி விட்டனர். எஞ்சிய மரங்களின் பழங்கள் அடியிலேயே விழுந்து, கன்றுகள் தாயின் நிழலிலேயே நெருங்கி நின்றன. அவற்றைச் சுமந்து செல்ல ஆமை இல்லை. 1965 இல் அத்திட்டு காப்பிடமாயிற்று. பின்னர் எலியும் பூனையும் அகற்றப்பட்டன. அயற்செடிகள் கையாற் களையப்பட்டன. 2000 ஆம் ஆண்டில் அல்தாபிராத் தீவின் பேராமைகளை அங்குக் கொண்டுவந்து விட்டனர். அழிந்த ஆமைகளின் இடத்திற்கு அவை பகரமாயின. அவை கருங்காலிப் பழத்தை உண்டு, மரமில்லாத வெளிகளில் விதையிட்டன. ஆமையின் வயிற்றினூடே சென்ற விதைகள் நன்கு முளைத்தன என்பதை 2011 இல் வெளியான ஆய்வு காட்டிற்று. வெட்டவெளியில் மீண்டும் கருங்காலிக் கன்றுகள் தலைதூக்கின.

வடக்கே கடலில் 22 கிலோமீட்டர் தொலைவில் வட்டத்தீவு என்னும் பாறைத்தீவு உள்ளது. அங்கு எலி ஏறியதே இல்லை. ஆதலின் பிறவிடத்தில் அழிந்த பல்லிகளும் பாம்புகளும் அங்கு எஞ்சின. ஆயின், கப்பலுடைந்து கரையேறுவார்க்கு உணவாகுக என்று பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஆட்டையும் முயலையும் அங்கு விட்டனர். நல்லெண்ணத்தாற் செய்த செயலே அது. ஆடும் முயலும் தளிரையெல்லாம் மேய்ந்தன. மழை மண்ணைக் கடலுக்கு அடித்துச் சென்றது. பனையினங்கள் சில மரங்களாய்க் குறைந்தன. மண்ணிற் புதைந்து வாழ்ந்த பாம்பு ஒன்று 1975 க்குப் பின் எவர் கண்ணிலும் படவில்லை. 1979 க்குள் ஆடுகளும், 1986 இல் முயல்களும் முற்றும் அகற்றப்பட்டன. பனங்கன்றுகள் முளைத்தன, பல்லிகள் பெருகின. ஆனால் மேய்வார் எவருமின்மையால் களைகளும் பெருகின. அதனால் 2007 முதல் அங்கும் பேராமைகள் விடப்பட்டன. மேய்ச்சல் மிகினும் கேடு. முற்றும் இல்லையெனினும் கேடு. அளவறிந்து ஆளுதலே காவல் என்பதை வட்டத்தீவு காட்டுகின்றது.

நான்காய்க் குறைந்த வல்லூறு என்னாயிற்று? பாதுகாவலர்கள் முதலில் இட்ட முட்டைகளைக் கூட்டிலிருந்து எடுத்து அடைகாப்புப் பொறியில் பொரித்தனர். முட்டையிழந்த தாய் மீண்டும் முட்டையிட்டது. குஞ்சுகளைப் பேணி வளர்த்துக் காட்டில் விட்டனர், கூடமைக்கப் பெட்டிகள் வைத்தனர், கீரியை விலக்கினர். பல்லாண்டு உழைப்பின் பின் அவ்வினம் சில நூறாகப் பெருகிற்று. 1990 ஆம் ஆண்டையொட்டிக் காட்டில் பத்தளவில் எஞ்சிய இளஞ்சிவப்புப் புறாவும் இவ்வாறே மீட்கப்பெற்றது. டோடோவிற்குக் கிட்டாத நற்பேறு அதன் சிற்றுறவினர்க்குக் கிட்டிற்று. எனினும் காடு முழுமை பெறாதவரை அவற்றின் வாழ்வு பிறர் கையை எதிர்நோக்கியே நிற்கும்.

மொரீசியசு நாட்டிற்கு உட்பட்ட உரோத்ரிகசு என்னும் தீவில் நிகழ்ந்த செய்தி ஒன்று உங்களுக்கு மிகவும் உரியது. காப்பிச்செடிக்கு உறவான ஒரு செடி அங்கு மட்டுமே இருந்தது; விண்மீன் போன்ற வெண்பூ பூப்பது. அது முற்றும் அழிந்தது என்றே நூலோர் முடிவு செய்திருந்தனர். 1980 ஆம் ஆண்டையொட்டிப் பள்ளி ஆசிரியர் ஒருவர், தீவின் அரிய செடிகளைத் தேடுமாறு மாணவரை ஏவி, பழைய படம் ஒன்றையும் காட்டினார். சிறுவன் ஒருவன் வழியோரத்தில் நின்ற செடியின் கிளையைக் கொண்டுவந்தான். நூலோர் இறந்ததெனக் கூறிய செடி அதுவே! உலகில் எஞ்சியது அவ்வொன்றே. செய்தி பரவவே, மருந்தாகும் எனக் கருதி மக்கள் அதனை ஒடிக்கலாயினர். சுற்றிலும் வேலியிட்டுக் காக்க நேர்ந்தது. 1986 இல் அதன் சிறு தண்டுகள் இங்கிலாந்திலுள்ள கியூப் பூங்காவிற்கு அனுப்பப்பட்டன. வேர்பிடித்தது; பூத்தது; காய்க்கவோ இல்லை. நெடிய முயற்சிக்குப் பின் 2003 ஆம் ஆண்டில் விதை கிடைத்தது. அவ்விதையிற் பிறந்த கன்றுகள் தாயகம் திரும்பின. மாணவன் ஒருவனின் கூர்ந்த கண் ஓர் இனத்தையே காத்தது.

2020 ஆம் ஆண்டு சூலை 25 இல் வாகாசியோ என்னும் பெருங்கப்பல் மொரீசியசின் தென்கிழக்குப் பவளப்பாறையில் மோதிற்று. ஆகத்துத் திங்களில் அதிலிருந்து ஏறத்தாழ ஆயிரம் தொன் எண்ணெய் கடலிற் கசிந்து, வெண்கொக்குத் தீவின் கரையைத் தீண்டிற்று. அரிய செடிகளும் பல்லிகளும் விரைந்து வேறிடம் கொண்டுசெல்லப்பட்டன. அப்போது தீவின் மக்கள், ஆடவரும் பெண்டிரும், ஆயிரக்கணக்கிற் கடற்கரையிற் கூடினர். எண்ணெயைத் தடுக்கப் பொருள் வேண்டுமே! கரும்புச் சோகையை அள்ளித் துணிப்பைகளில் அடைத்துத் தைத்து, நீண்ட மிதவைகளாக்கிக் கடலில் இட்டனர். எந்தக் கரும்பிற்காக ஒருகாலத்தில் காடு வீழ்ந்ததோ, அந்தக் கரும்பின் சோகையே எஞ்சிய காட்டிற்கு அரணாய் மிதந்தது. கூலிகளாய் வந்தோரின் பேரர்கள், தாம் பிறந்த மண்ணைத் தம்மதென்று உணர்ந்து காத்த காட்சி அது.

மாணவர்களே! ஒரு தீவு தன் மண்ணால் மட்டும் ஆவதன்று. அங்கு வந்த விதையும், அதைச் சுமந்த பறவையும், மேய்ந்த ஆமையும், வெட்டிய மனிதனும், நட்ட மனிதனும் ஆகிய அனைவரும் சேர்ந்தே அதனை ஆக்குகின்றனர். ஏனை உயிர்கள் தாம் செய்வது இன்னதென்று அறியாமற் செய்கின்றன. மனிதன் ஒருவனே எண்ணிச் செய்யவல்லவன். எண்ணாமற் செய்த பிழையால் டோடோ மாய்ந்தது. எண்ணிச் செய்த முயற்சியால் வல்லூறு பிழைத்தது. போன உயிர் மீளாது. போகவிருக்கும் உயிரைத் தடுத்து நிறுத்தல் நம் கையில் உள்ளது.

நாம் வாழும் ஊரும் ஒருவகையில் தீவே. நம் ஏரிக்கரையிலும், கோயில் நந்தவனத்திலும், பள்ளி வேலியிலும் நிற்கும் செடிகளின் பெயர் என்ன, அவை எந்நாட்டிலிருந்து வந்தவை, அவற்றை நாடி வரும் பறவை எது என்று கூர்ந்து நோக்குங்கள். பெயரறியாப் பொருளை எவரும் காப்பதில்லை. கண்டறிதலே காத்தலின் முதற்படி. அப்படியில் ஏறுவார் எவராயினும், அவர் தம் ஊருக்கு நல்ல காவலர் ஆவர்.